விசுவாசம் இழந்த குருவானவர்களுக்காக: தென்னிந்தியத் திருச்சபையின் பேராயர்களுக்கு ஒரு திறந்த மடல்

தென்னிந்தியத் திருச்சபையின் பிரதமப் பேராயர் அவர்களுக்கும், திருமண்டலங்களின் பேராயர்களுக்கும், திருச்சபையின் உயர் பேரவையான சினாடு உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

குருப்பட்டம் பெற்று ஆண்டுக்கணக்காகச் சபை நடத்தியபின், கடவுள் இருக்கிறார் என்று தம்மால் இனி நம்ப முடியவில்லை என்பதைக் கண்டுகொண்ட குருவானவர்களைப் பற்றி இம்மடலை எழுதுகிறேன். அவர்கள் அதை யாரிடமும் சொல்வதில்லை. ஞாயிறு காலையில் அதே அங்கியை அணிகிறார்கள், சபையோடு சேர்ந்து அதே விசுவாசப் பிரமாணத்தைச் சொல்கிறார்கள், திருவிருந்து பரிமாறுகிறார்கள், மாலையில் நோயாளியின் வீட்டுக்குப் போய்த் தலைமேல் கைவைத்து ஜெபிக்கிறார்கள். நான் குருமனையில் பிறந்து வளர்ந்தவள். இறையியல் கல்லூரியில் புதிய ஏற்பாடு கற்பித்து ஓய்வு பெற்றவள். என்னிடம் படித்தவர்களில் சிலர் இந்தச் சுமையோடு என்னிடம் வந்திருக்கிறார்கள். நான் இன்றும் விசுவாசப் பிரமாணத்தை முழு மனத்தோடு சொல்பவள் என்பதையும், திருச்சபையைச் சிறுமைப்படுத்தும் நோக்கம் எனக்குத் துளியும் இல்லை என்பதையும் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். என்னிடம் வந்தவர்கள் யார், எந்தத் திருமண்டலத்தைச் சேர்ந்தவர்கள் என்பதற்கான தடயம் எதுவும் இம்மடலில் இல்லை. அதைத் தேட வேண்டாம் என்று பணிவோடு கேட்டுக்கொள்கிறேன்.

ஒரு குருவானவர் விசுவாசத்தை இழந்தார் என்று கேள்விப்பட்டால் நம் சபைகளில் உடனே எழும் கேள்வி, அவர் எந்தப் பாவத்தில் விழுந்தார் என்பதுதான். பணமா, குடியா, பெண் தொடர்பா என்று கேட்பார்கள். பின்மாற்றக்காரர் என்று ஒரு பெயரும் உடனே தயாராக இருக்கும். நான் அறிந்தவர்களிடம் இவற்றில் எதுவும் இல்லை. வகுப்பில் மிகக் கவனமாகப் படித்தவர்கள் அவர்கள். சபையில் வீடு வீடாகச் சென்று, யார் வீட்டில் அடுப்பு எரியவில்லை என்பதுவரை அறிந்து வைத்திருந்தவர்கள். கடவுளை அலட்சியம் செய்ததால் அவர்கள் நம்பிக்கை தேய்ந்துபோகவில்லை. அவரைப் பற்றி ஓயாமல் சிந்தித்ததாலேயே பலருக்கு அது நிகழ்ந்தது. சபையின் பொதுத் தேர்தல்களும் சொத்து வழக்குகளும் மனம் கசந்து வெளியேறச் செய்த குருவானவர்களும் உண்டு. அது வேறொரு துயரம், வேறொரு மடலுக்கு உரியது. அதையும் இதையும் ஒன்றாக்கினால் இரண்டுமே புரியாமல் போய்விடும்.

இது எப்படித் தொடங்குகிறது என்று சொல்ல எனக்குக் கொஞ்சம் உரிமை உண்டு, ஏனென்றால் அது பெரும்பாலும் எங்கள் வகுப்பறைகளில்தான் தொடங்குகிறது. கிராமத்து ஞாயிறு பள்ளியில் வசனங்களை மனப்பாடம் செய்து, வாலிபர் கூட்டத்தில் அழைப்பை உணர்ந்து, பேராயரின் பரிந்துரையோடு மதுரை அரசரடியிலோ பெங்களூரிலோ உள்ள இறையியல் கல்லூரிக்கு வரும் மாணவர், வேதாகமத்தின் முதல் ஐந்து நூல்களான மோசேயின் ஆகமங்கள் பல காலத்துப் பல மரபுகளின் தொகுப்பு என்று கற்கிறார். ஏசாயா நூலின் 40-ஆம் அதிகாரம் முதல் கேட்பது பாபிலோனியச் சிறையிருப்புக் காலத்தைச் சேர்ந்த இன்னொருவரின் குரல் என்று கற்கிறார். மாற்கு நற்செய்தியின் கடைசிப் பன்னிரண்டு வசனங்கள் 4-ஆம் நூற்றாண்டின் சினாய், வத்திக்கான் கையெழுத்துப் படிகளில் இல்லை என்பதையும், தீமோத்தேயுவுக்கும் தீத்துவுக்கும் எழுதப்பட்ட நிருபங்களைப் பவுல் எழுதவில்லை என்று பெரும்பாலான ஆய்வாளர்கள் கருதுவதையும் அறிகிறார். இவற்றையெல்லாம் நான் விசுவாசத்தோடுதான் கற்பித்தேன். பலருடைய விசுவாசம் இவற்றால் முதிர்ந்ததையும் கண்டேன். நான் கவலைப்படுவது பாடத்தைப் பற்றி அல்ல, அதற்குப் பின் நடப்பதைப் பற்றி. படிப்பு முடிந்து, ஒரு குருவானவரின் பொறுப்பிலுள்ள சபைப் பகுதியான சேகரத்துக்குப் போகிறவர், கற்றதில் எதைப் பிரசங்க பீடத்தில் சொல்லக் கூடாது என்பதை மூத்த குருவானவர்களிடமிருந்து சில மாதங்களிலேயே தெரிந்துகொள்கிறார். பொய் சொல்லும்படி யாரும் அவரிடம் கேட்பதில்லை. சொல்லாமல் விடுவதற்கு மட்டும் பழக்கப்படுத்தப்படுகிறார். அந்தப் பழக்கம் ஊறிப்போன பிறகு, ஒருநாள் சந்தேகம் கதவைத் தட்டும்போது, அதையும் சொல்லாமல் விடுவது அவருக்கு இயல்பாகவே வந்துவிடுகிறது.

இது நமக்கு மட்டும் உரிய நிலை அல்ல. அமெரிக்காவின் டஃப்ட்ஸ் பல்கலைக்கழகத் தத்துவப் பேராசிரியர் டேனியல் டென்னெட்டும் லிண்டா லாஸ்கோலா என்ற ஆய்வாளரும், நம்பிக்கை இழந்தும் பணியில் தொடர்ந்த ஐந்து புராட்டஸ்டன்ட் போதகர்களை விரிவாகப் பேட்டி கண்டு 2010-இல் ஓர் ஆய்வை வெளியிட்டார்கள். இறையியல் கல்லூரியில் கற்றதற்கும் சபையில் பேசக்கூடியதற்கும் இடையிலுள்ள பள்ளம் அந்த ஆய்விலும் தென்படுகிறது. அடுத்த ஆண்டு, 2011 மார்ச்சில், இப்படிப்பட்டவர்கள் பெயர் வெளியே தெரியாமல் ஒருவரோடொருவர் பேசிக்கொள்வதற்காகக் கிளர்ஜி புராஜெக்ட் என்ற அமைப்பு 52 பேரோடு தொடங்கப்பட்டது. பின்னாளில் உறுப்பினர் எண்ணிக்கை ஆயிரத்தைக் கடந்தது. டென்னெட் கடவுள் மறுப்பாளர், அந்த அமைப்பைத் தொடங்க உதவியவர்களும் அவ்வாறே. அதனால் நம்மில் பலர் இதைத் திருச்சபையின் எதிரிகள் செய்த வேலை என்று ஒதுக்கிவிடக்கூடும். எனக்கு அதைப் படித்தபோது வேறொரு வேதனைதான் உண்டாயிற்று. மனம் உடைந்த ஒரு குருவானவர் தம் உள்ளத்தைத் திறந்து பேச, திருச்சபையை மறுப்பவர்களிடம்தானே போக வேண்டியிருந்தது?

படிப்பால் மட்டும் இது வருவதில்லை. 2004 டிசம்பர் 26 ஒரு ஞாயிற்றுக்கிழமை, கிறிஸ்துமஸுக்கு மறுநாள். அன்று கடற்கரை ஊர்களில் குழந்தைகளை வரிசையாக அடக்கம் செய்த அருட்பணியாளர்களிடம் மக்கள் கேட்ட கேள்விக்கு, அவர்களிடம் கையளிக்கப்பட்டிருந்த எந்த ஜெபப் புத்தகத்திலும் பதில் இல்லை. கொரோனா காலத்தில், உறவினர்கூட அருகில் வர முடியாத கல்லறைத் தோட்டத்தில் நின்று அடக்க ஆராதனை நடத்தியவர்கள் இருக்கிறார்கள். மறுமையின் நிச்சயத்தைச் சொல்லும் வசனங்களை வாசிக்கும்போது, தம் குரல் தமக்கே அந்நியமாகக் கேட்டது என்று ஒருவர் என்னிடம் சொன்னார். அமெரிக்காவின் லூசியானா மாநிலத்தின் டிரிட்டர் என்ற சிற்றூரில் இருபத்தைந்து ஆண்டுகள் பெந்தெகொஸ்தே ஊழியம் செய்த ஜெர்ரி டெவிட் என்பவரிடம், விபத்தில் படுகாயமுற்ற தன் சகோதரனுக்காக ஜெபிக்கும்படி ஒரு பெண் 2011-இல் தொலைபேசியில் அழுதபடி கேட்டபோது, அவரால் ஜெபிக்க முடியாமல் போயிற்று. தம்மிடம் இனி விசுவாசம் இல்லை என்பதை அன்றுதான் அவர் தமக்கே ஒப்புக்கொண்டார். அது ஊருக்குத் தெரியவந்ததும் வேலை போயிற்று. மண வாழ்வும் முறிந்தது. டிரிட்டரில் நடந்தது நம் தமிழ்நாட்டு நாசரேத்திலோ மார்த்தாண்டத்திலோ நடந்தால் இதைவிட இலகுவாக முடியும் என்று உங்களில் யாராவது நினைக்கிறீர்களா?

நம்பிக்கை போய்விட்டதென்றால் ராஜினாமா செய்துவிட்டுப் போக வேண்டியதுதானே என்று சபை மூப்பர்கள் சொல்லக் கேட்டிருக்கிறேன். அவர் எங்கே போவார் என்பதைக் கொஞ்சம் நினைத்துப் பாருங்கள். அவர் குடியிருப்பது குருமனை. விலகினால் வீடு இல்லை. அவர் மனைவி ஆசிரியையாக இருக்கும் அரசு உதவிபெறும் பள்ளியின் நிர்வாகம் திருமண்டலத்துடையது. அந்த நியமனமும் இடமாற்றமும் அதே அலுவலகத்தின் கையில் இருக்கின்றன. பிள்ளைகள் படிப்பது நம் பள்ளிகளில், பல நேரங்களில் கட்டணச் சலுகையோடு. பி.டி. என்ற இறையியல் பட்டத்தையும் இருபது ஆண்டுச் சபைப் பணியையும் எழுதிக் கொடுத்தால், நாற்பத்தைந்து வயதில் அவருக்கு எந்த அலுவலகம் வேலை தரும்? மகளுக்கு வரன் பேசும்போது, ஐயர் (குருவானவர்) வீட்டுப் பெண் என்று இதுவரை மதிப்பாகச் சொல்லப்பட்டது ஒரே நாளில் மாறிவிடும். செத்தால் சபையின் கல்லறைத் தோட்டத்தில் இடம் கிடைக்குமா என்ற அச்சமும் உண்டு. தன் தகப்பனுக்குப் பக்கத்தில் படுக்க முடியாமல் போகுமே என்று கலங்கியவரை நான் கண்டிருக்கிறேன். இவை எல்லாவற்றுக்கும் மேலாக அவருடைய தாய் இருக்கிறாள். பிள்ளை பிறப்பதற்கு முன்பே அன்னாளைப் போலப் பொருத்தனை செய்து, பிறந்தபின் சாமுவேலைப் போல ஊழியத்துக்கு ஒப்புக்கொடுத்த தாய் அவள். அவளிடம் போய் இதைச் சொல்வதைவிட, சாகும்வரை பிரசங்கம் செய்துவிடலாம் என்று ஒரு மகன் முடிவு செய்தால், அவனைக் கோழை என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

சாகும்வரை அப்படியே இருந்துவிட்ட ஒருவரை வரலாறு அறியும். பிரான்சின் ஆர்தென் பகுதியில் எத்ரெபிஞி என்ற கிராமத்தின் பங்குக் குருவாக 1689 முதல் 1729-இல் இறக்கும்வரை இருந்தவர் ழான் மெலியே. பெற்றோரை மகிழ்விப்பதற்காகவே குருவானவர் அவர். நாற்பது ஆண்டுகள் திருப்பலி நிறைவேற்றினார், ஞானஸ்நானம் கொடுத்தார், இறந்தவர்களை அடக்கம் செய்தார். அவர் மறைந்த பிறகு, தம் பங்கு மக்களுக்கென்று அவர் தம் கையாலேயே எழுதிப் படியெடுத்து வைத்திருந்த மிக நீண்ட சாசனம் ஒன்று கிடைத்தது. கடவுள் இல்லை, எல்லா மதங்களும் மனிதர் உண்டாக்கியவை, அவற்றை வைத்து ஆள்வோர் ஏழைகளை ஒடுக்குகிறார்கள் என்பது அதன் சாரம். உயிரோடு இருக்கும்போது இதைச் சொல்லாமல் போனதற்காகவும், தாம் நம்பாததை இவ்வளவு காலம் அவர்களுக்குப் போதித்ததற்காகவும் அதில் அவர் தம் மக்களிடம் மன்னிப்புக் கேட்டார். 1762-இல் பிரெஞ்சுச் சிந்தனையாளர் வால்டேர் அதன் சுருக்கத்தை அச்சிட்டபோது, கடவுள் மறுப்பை நீக்கி, கடவுளை ஏற்கும் ஒருவரின் குரலாக அதை மாற்றிவிட்டார். முழு வடிவம் 1864-இல்தான் ஆம்ஸ்டர்டாமில் வெளிவந்தது. உயிரோடு இருந்தபோது சொல்ல முடியாதிருந்தவருக்கு, செத்த பிறகும் நூற்றுமுப்பத்தைந்து ஆண்டுகள் தம் சொந்தக் குரல் கிடைக்கவில்லை.

மெலியேயை எண்ணும்போதெல்லாம் நான் எத்ரெபிஞியின் மக்களையும் சேர்த்தே எண்ணுகிறேன். ஏழைகளான அந்த மக்கள் நாற்பது ஆண்டுகளாக நேசித்த ஒருவர், தாம் அவர்களிடம் மறைத்தது என்ன என்பதைப் பதில் கேட்க முடியாத நிலையில் அவர்களிடம் விட்டுப்போனார். அவரோடு வாதாடவோ, அவரை மன்னிக்கவோ, அவர் சொன்னதில் நியாயம் இருக்கிறது என்று ஒப்புக்கொள்ளவோ அவர்களுக்கு வாய்ப்பே அமையவில்லை. சொல்ல இடமில்லாத திருச்சபை குருவானவருக்கு மட்டுமல்ல, சபைக்கும் அநீதி செய்கிறது.

நம் திருச்சபையின் பாரம்பரியங்களுள் ஒன்றான ஆங்கிலிக்கன் திருச்சபை, இந்தக் கதவைத் திறக்க எவ்வளவு காலம் எடுத்துக்கொண்டது என்பதையும் நினைவூட்ட விரும்புகிறேன். ஒருமுறை குருப்பட்டம் பெற்றவர் அதை விட்டு விலகிச் சாதாரண மனிதராக வாழக் கூடாது, மீறினால் திருச்சபையிலிருந்து நீக்கம் என்று 1604-ஆம் ஆண்டு விதிகளின் 76-ஆம் விதி கூறியது. வரலாற்றாசிரியர் ஜேம்ஸ் அந்தோணி ஃபுரூட் இளம் வயதில் உதவிக் குருவாகப் பட்டம் பெற்றவர். விசுவாசத்தை இழக்கும் ஒரு குருவைப் பற்றி அவர் எழுதிய நாவலின் பிரதி, 1849-இல் ஆக்ஸ்போர்டின் எக்ஸிடர் கல்லூரியில் வகுப்பறையிலேயே எரிக்கப்பட்டது. கல்லூரிப் பதவியை இழந்த அவருக்கு, வேறு தொழிலுக்குப் போவதற்கும் அந்தப் பட்டமே தடையாக நின்றது. எழுத்தாளர் லெஸ்லி ஸ்டீபன் கேம்பிரிட்ஜில் கற்பித்தபோது 1859-இல் குருப்பட்டம் பெற்று, 1862-இல் ஆலய ஆராதனையை நடத்தத் தம் மனச்சாட்சி இடம் தரவில்லை என்று கூறி ஆசிரியப் பொறுப்பிலிருந்து விலகினார். குருப்பட்டத்தைச் சட்டப்படி துறக்க வழி செய்யும் சட்டம் 1870-இல்தான் வந்தது. அதன்படி 1872-இல் ஃபுரூடும், 1875 மார்ச்சில் ஸ்டீபனும் தங்கள் பட்டத்தைத் துறந்தார்கள். ஸ்டீபனின் பத்திரத்தில் சாட்சிக் கையொப்பம் இட்டவர் நாவலாசிரியர் தாமஸ் ஹார்டி. அப்படி விலகியவர்களால் இங்கிலாந்துத் திருச்சபை இடிந்து விழவில்லை. அவர்களும் ஒழுக்கம் கெட்டுப்போகவில்லை. ஸ்டீபன் பிறகு ஆங்கில நாட்டு வாழ்க்கை வரலாற்றுக் களஞ்சியத்தின் முதல் பதிப்பாசிரியராகி அரும்பணி ஆற்றினார்.

நாம் அதைவிட நல்ல தொடக்கம் பெற்றவர்கள். 1947 செப்டம்பர் 27 அன்று சென்னை புனித ஜார்ஜ் பேராலயத்தில் நம் திருச்சபை பிறந்தபோது, ஆயர் ஆட்சியை உயிராகக் கருதியவர்களும் அதை அறவே ஏற்காதவர்களும் ஒரே மேசையில் அமர்ந்தார்கள். அவர்கள் ஏற்றுக்கொண்ட இணைப்பு அடிப்படை, அப்போஸ்தலர் விசுவாசப் பிரமாணத்திலும் நிசேயா விசுவாசப் பிரமாணத்திலும் அடங்கியுள்ள அடிப்படை உண்மைகளைப் போதுமானவை என்று ஏற்றது. கூடவே, அவற்றின் ஒவ்வொரு சொல்லுக்கும் தொடருக்கும் தனிமனிதர் உடன்பட வேண்டும் என்று கோருவது தங்கள் நோக்கமன்று என்றும், நியாயமான விளக்க உரிமையை விலக்குவதும் நோக்கமன்று என்றும் அது எழுதி வைத்தது. அதை எழுதியவர்கள் விசுவாசத்தை மலிவாக எண்ணியவர்கள் அல்லர். மனச்சாட்சியை நெருக்கிப் பெறும் சம்மதத்தில் கடவுளுக்கு மகிமை இல்லை என்று அறிந்தவர்கள். இன்று நம் குருவானவர்களில் எத்தனை பேருக்கு அந்த வாசகம் தெரியும்? அதை எந்தத் திருமண்டலமாவது குருக்கள் கூடுகையில் வாசித்துப் பேசியதுண்டா?

அந்த வாசகம் எல்லாவற்றையும் தீர்த்துவிடும் என்று நான் சொல்லவில்லை. கன்னிப் பிறப்பை உருவகமாகக் கொள்ளும் குருவானவருக்கு அதில் இடம் உண்டு. கடவுளே இல்லை என்று முடிவு செய்துவிட்டவருக்கு அதில் இடம் இல்லை என்பதே என் துணிவு. நம்மைப் போலவே மெதடிஸ்ட், காங்கிரிகேஷனல், பிரஸ்பிட்டேரியன் சபைகள் சேர்ந்து 1925-இல் உருவான கனடாவின் ஐக்கியத் திருச்சபையில், டொராண்டோ வெஸ்ட் ஹில் சபையின் போதகர் கிரெட்டா வாஸ்பர் தம்மை நாத்திகர் என்று வெளிப்படையாக அறிவித்தார். 2016-இல் விசாரணைக் குழு அவர் பணிக்குத் தகுதியற்றவர் என்று கண்டது. 2018 நவம்பரில் சமரசம் ஏற்பட்டு அவர் பணியில் தொடர்ந்தார். டென்மார்க்கில் தார்பெக் ஊரின் தோர்கில் குரோஸ்போல் 2003-இல் படைக்கும் கடவுளை நம்பவில்லை என்று சொல்லி, பணியிடைநீக்கமும் மீண்டும் பணியேற்பதுமாகச் சில ஆண்டுகள் அலைக்கழிந்தார். நெதர்லாந்தின் கிளாஸ் ஹென்ட்ரிக்சே 2007-இல் இதைப் பற்றி ஒரு நூலே எழுதியும், அவருடைய திருச்சபை ஒழுங்கு நடவடிக்கை வேண்டாம் என்று முடிவெடுத்தது. கடவுள் இல்லை என்று அறிவித்தவர் திருவிருந்து மேசையில் தொடர்வது எனக்கு ஏற்புடையதன்று. அந்தச் சபைகள் தங்கள் போதகரைத் தெரிந்தே ஏற்றுக்கொண்டன. நம் கிராமத்துச் சபையில் எழுபது வயது மூதாட்டி, தன் குருவானவர் தன்னோடு சேர்ந்து நம்புகிறார் என்று எண்ணியே அவரிடமிருந்து அப்பத்தை வாங்குகிறார். அந்த நம்பிக்கையைக் காப்பது நம் கடமை. ஆனால் இந்த நாடுகளில் விவாதம் வெளிச்சத்தில் நடந்தது. சம்பந்தப்பட்டவர் தம் பெயரில், தம் வாயால் பேசினார். அதை மட்டும் நாம் கடன் வாங்கலாம்.

இன்னொரு வகையினரும் இருக்கிறார்கள். இவர்கள் விசுவாசத்தை இழந்துவிட்டார்களா, இருட்டான ஒரு காலத்தைக் கடக்கிறார்களா என்பது அவர்களுக்கே தெரியாது. அன்னை தெரசாவின் தனிப்பட்ட கடிதங்கள் 2007-இல் வெளியானபோது உலகமே திகைத்தது. கல்கத்தாவில் பணி தொடங்கிய காலம் முதல் 1997-இல் மறையும்வரை, ஏறத்தாழ ஐம்பது ஆண்டுகள், சிறிய ஓர் இடைவெளி தவிர, கடவுளின் பிரசன்னத்தைத் தாம் உணரவே இல்லை என்று அவர் எழுதியிருந்தார். அந்தக் கடிதங்களை அழித்துவிடும்படியும் கேட்டிருந்தார். அவற்றைப் படித்தறிந்த கத்தோலிக்கத் திருச்சபை 2016-இல் அவரைப் புனிதர் என்று அறிவித்தது. ஆனால் அதைவிட என் மனத்தில் தங்குவது, அவர் இதை எழுத ஆட்கள் இருந்தார்கள் என்பதே. பேராயர் பெரியே, இயேசு சபைக் குரு யோசேப்பு நாய்னர் போன்றவர்கள் அந்தக் கடிதங்களை வாங்கினார்கள், பதில் எழுதினார்கள், வெளியே சொல்லவில்லை. நம் குருவானவர் யாருக்கு எழுதுவார்? அவருக்கு மேலே இருப்பவர் பேராயர். பேராயரிடம் அன்பு இருக்கலாம்; ஆனால் அடுத்த மே மாதம் அவரை எந்தச் சேகரத்துக்கு மாற்றுவது என்று தீர்மானிக்கும் பேனாவும் அதே கையில்தான் இருக்கிறது. சக குருவானவரிடம் சொன்னால், அடுத்த திருமண்டலத் தேர்தலில் அது ஆயுதமாகாது என்பதற்கு என்ன உறுதி?

இதையெல்லாம் சொல்லும்போது சபை மக்கள் ஒரு கேள்வியால் கலங்குவார்கள் என்பதையும் அறிவேன். நம்பாத கையால் நான் பெற்ற ஞானஸ்நானம் செல்லுமா, என் திருமண ஆசீர்வாதம் செல்லுமா? இதற்குத் திருச்சபை எப்போதோ பதில் சொல்லிவிட்டது. ரோமப் பேரரசன் தியோக்கிளேத்தியன் காலத்துத் துன்புறுத்தலில் வேதப்புத்தகங்களை அரசு அதிகாரிகளிடம் ஒப்படைத்துவிட்ட ஆயர்களின் சடங்குகள் செல்லாது என்று வட ஆப்பிரிக்காவில் தொனாத்துவினர் என்ற பிரிவினர் வாதிட்டபோது, அருள் குருவுடையதல்ல, கிறிஸ்துவுடையது என்று அங்கே ஆயராக இருந்த அகுஸ்தீன் மறுத்தார். ஆங்கிலிக்கன் விதிகள் முப்பத்தொன்பதில் 26-ஆவதும் இதையே சொல்கிறது. எனவே மக்கள் அமைதியாக இருக்கலாம். ஆனால் இந்த நல்ல போதனையையே நாம் நம் சோம்பலுக்குப் போர்வையாக்கிக்கொண்டோமோ என்று அஞ்சுகிறேன். சடங்கு எப்படியும் செல்லும், ஆகவே அதை நிறைவேற்றுபவரின் உள்ளத்தில் என்ன நடக்கிறது என்று கேட்கத் தேவையில்லை என்ற இடத்துக்கு வந்துவிட்டோம். அகுஸ்தீன் காக்க விரும்பியது மக்களின் நிம்மதியை. குருவின் மனம் எப்படிப் போனால் என்ன என்று அவர் சொல்லவில்லை.

நான் கேட்பவை செய்ய முடியாதவை அல்ல. ஒவ்வொரு திருமண்டலத்திலும், இடமாற்றத்திலும் பதவி உயர்விலும் கையே இல்லாத ஒருவர், முடிந்தால் வேறு திருச்சபையையோ வேறு மாநிலத்தையோ சேர்ந்த அனுபவமிக்க ஒருவர், குருவானவர்கள் சொல்வதைக் கேட்பதற்கென்று நியமிக்கப்படட்டும். அவரிடம் சொன்னது எந்தக் கோப்பிலும் ஏறாது என்று சினாடு எழுத்தில் உறுதி தரட்டும். காரணம் கேட்காமல் ஆறு மாதமோ ஓராண்டோ சம்பளத்தோடு சபைப் பொறுப்பிலிருந்து விடுப்பு எடுக்கும் வழி இருக்கட்டும். அந்த ஓய்வில் விசுவாசம் திரும்பப் பெற்றவர்களும் உண்டு. அதற்காகவேனும் இது வேண்டும். விலகியே ஆக வேண்டும் என்று வருகிறவர், ஒழுங்கு நடவடிக்கைக் குழுவின் முன் குற்றவாளியாக நிற்கக் கூடாது. பிள்ளைகளின் கல்வியாண்டு முடியும்வரையாவது குருமனையில் இருக்கவோ, அதற்கு ஈடான வாடகை பெறவோ அவருக்கு உரிமை வேண்டும், பி.எஃப். தொகையும் பணிக்கொடையும் இழுத்தடிக்காமல் கைக்கு வர வேண்டும். மனைவியின் ஆசிரியப் பணி இதனால் எவ்வகையிலும் பாதிக்கப்படாது என்பது எழுத்தில் இருக்க வேண்டும். என்னிடம் வந்தவர்கள் எல்லோரும் முதலில் கேட்டது இதைப் பற்றித்தான். நம் பள்ளிகளிலும் மருத்துவமனைகளிலும் சமூகப் பணித் துறைகளிலும் பிரசங்கம் தேவைப்படாத வேலைகள் எத்தனையோ உள்ளன. இருபது ஆண்டுகள் மக்களோடு மக்களாக நின்றவருக்கு அங்கே ஓர் இடம் தருவது தானமாகாது, அது அவர் உழைத்துச் சேர்த்த உரிமை. அவர் விலகியதைப் பீடத்திலிருந்து அறிவித்து ஜெபம் ஏறெடுக்கும் வழக்கம் வேண்டாம். கல்லறைத் தோட்டத்தில் அவருடைய குடும்பத்துக்கு உரிய இடம் அவருக்கும் உரியது என்பதையும் தெளிவாக்கிவிடுங்கள்.

இதில் ஒன்றும் கேள்விப்படாத புதுமை இல்லை. குருநிலையிலிருந்தே நீக்கப்பட்ட ஒருவர் மெய்யாகவே வறுமையில் இருந்தால், இயன்ற நல்ல வழியில் அவருக்கு ஆதரவு கிடைக்கும்படி ஆயர் பார்த்துக்கொள்ள வேண்டும் என்று கத்தோலிக்கத் திருச்சபையின் 1983-ஆம் ஆண்டுச் சட்டத் தொகுப்பு, 1350-ஆம் விதியில் கட்டளையிடுகிறது. தண்டனை பெற்றவருக்கே அவ்வளவு என்றால், நேர்மையின் காரணமாகத் தாமே விலகுகிறவருக்கு நாம் எவ்வளவு செய்ய வேண்டும்? பௌத்தத் துறவியரின் ஒழுக்க விதியான விநயமும், துறவைத் தொடர இயலாத பிக்கு அதை இன்னொருவர் அறியச் சொல்லிவிட்டு இல்லறத்துக்குத் திரும்ப முறையான வழி வைத்திருக்கிறது; விரும்பினால் அவர் மீண்டும் துறவு ஏற்கவும் முடியும். நம் மண்ணிலோ இதற்கு இன்னும் நெருக்கமான நினைவு ஒன்று உண்டு. திருப்பாதிரிப்புலியூர்ப் பாடலிபுத்திரத்துச் சமணப் பள்ளியில் தருமசேனர் என்ற பெயரோடு தலைமை பெற்றிருந்தவர், சூலை நோயால் வாடித் தம் நெறியில் நம்பிக்கை இழந்தபோது, தம் கூட்டத்தார் அறியாமல் இரவிலேயே புறப்பட வேண்டியிருந்தது என்று பெரியபுராணம் சொல்கிறது. அவர் போய்ச் சேர்ந்த இடம் திருவதிகையில் தமக்கை திலகவதியாரின் மடம். அப்பர் என்று பின்னாளில் தமிழுலகம் கொண்டாடியவருக்கு அன்று இரவு வேண்டியிருந்தது, காரணம் கேட்காமல் ஏற்றுக்கொள்ளும் ஒருவர்தான். அவருக்கு ஒரு நெறியிலிருந்து இன்னொரு நெறிக்குப் போக வழி இருந்தது. நான் சொல்லும் குருவானவர்களுக்கு அப்படி ஒரு மறுகரையும் இல்லை. ஆகவே தமக்கையின் இடத்தில் திருச்சபையே நிற்க வேண்டியிருக்கிறது.

இப்படி வாசல் திறந்தால் பலரும் போய்விடுவார்கள் என்று சிலர் அஞ்சலாம். நான் அப்படி நினைக்கவில்லை. போக முடியும் என்று தெரிந்தபின், தங்கள் கேள்விகளோடு தங்கிவிடுகிறவர்களே அதிகமாக இருப்பார்கள் என்பது, பல ஆண்டுகள் மாணவர்களோடு பழகிய என் எண்ணம். அப்படித் தங்குகிறவர்களின் பிரசங்கத்தைச் சபையும் வேறு விதமாகக் கேட்கும். ஒருவேளை சிலர் போகவே செய்தாலும், அவர்கள் பகலில், நம்மிடம் சொல்லிவிட்டு, பிள்ளைகளின் கையைப் பிடித்துக்கொண்டு தலைநிமிர்ந்து போகட்டும்.

வரும் சினாடு கூட்டத்தின் நிகழ்ச்சி நிரலில் இந்தப் பொருளைச் சேர்க்கும்படியும், விதிகளை வரைய ஒரு குழுவை அமைக்கும்படியும் கேட்டுக்கொள்கிறேன். அந்தக் குழுவில் பேராயர்களும் சட்ட ஆலோசகர்களும் மட்டும் இருந்தால் போதாது. குருப்பணியை விட்டு விலகிய ஒருவரும், பணியில் இருக்கும் குருவானவரின் மனைவி ஒருவரும் அதில் இடம்பெற வேண்டும். அவர்கள் பேசுவது குறிப்பேட்டில் பெயரின்றிப் பதிவாக வேண்டும். குழு அமையுமானால், என்னிடம் பேசியவர்களிடம் அனுமதி பெற்று, அவர்கள் சொன்னவற்றை அதன் முன் எழுத்தில் வைக்க ஆயத்தமாக இருக்கிறேன்.

இப்படிக்கு,
உங்கள் சபையின் பிள்ளையான,
ஓய்வுபெற்ற ஓர் இறையியல் ஆசிரியை